பாட்டி பேரும் வேணும், புதுசாவும் இருக்கணுமா? பெண் குழந்தைக்குப் பெயர் தேடும் விழுப்புரம், திண்டிவனம்வாசிகளுக்கு ஒரு கைடு!

வளைகாப்பு முடிஞ்ச கையோட வீட்ல ஆரம்பிக்கிற பஞ்சாயத்து இது. பொண்ணு பிறந்தா என்ன பேர் வைக்கலாம்?

மாமியார், ‘எங்க அம்மா பேரை வைங்க’ம்பாங்க. உங்க அம்மா வாய்விட்டுக் கேட்க மாட்டாங்க, ஆனா மனசுக்குள்ள ஆசை இருக்கும். நீங்களோ ராத்திரி ரெண்டு மணிக்கு போனைத் திறந்து ‘மாடர்ன் தமிழ்ப் பெயர்கள்’னு தேடிட்டு இருப்பீங்க. யாழினி, இனியா, நிலா, மகிழினி... எல்லாமே அழகான பேர்தான். ஆனா, உங்களை மாதிரியே நிறைய பேர் அதே லிஸ்ட்டைத்தான் பார்த்துட்டு இருக்காங்க. அப்புறம் எல்.கே.ஜி-யில ‘இனியா எஸ்’, ‘இனியா ஆர்’னு இனிஷியலை வெச்சுத்தான் டீச்சர் கூப்பிட வேண்டியிருக்கும்.

பாட்டி பேரும் விட்டுப்போகக் கூடாது, கேட்க புதுசாவும் இருக்கணும். ரெண்டும் சேர்ந்து நடக்குமா? நடக்கும். அதுக்கு முன்னாடி ஒரு சின்ன விஷயம்.

பேத்தின்னா என்ன அர்த்தம் தெரியுமா?

பேரன், பேத்திங்கிற சொற்கள் ‘பெயரன்’, ‘பெயர்த்தி’ங்கிறதுல இருந்து வந்தவை. தாத்தா பேரைத் தாங்குறவன் பெயரன், பாட்டி பேரைத் தாங்குறவ பெயர்த்தி. அதாவது, பாட்டி பேரை வைக்கிறது நம்ம ஊர்ல வெறும் சென்டிமென்ட் கிடையாது. உறவுக்கான சொல்லுக்குள்ளேயே அது இருக்கு.

ஆனா, நம்ம தலைமுறையில இந்தச் சங்கிலி அறுந்துட்டு வருது. பச்சையம்மாள், முத்தம்மாள், பெரியம்மாள், முனியம்மாள், அலமேலுன்னு விழுப்புரம், திண்டிவனம் பக்கம் தெருவுக்குத் தெரு கேட்ட பேர்கள் இப்போ ரேஷன் கார்டுலயும் பழைய பத்திரங்கள்லயும்தான் இருக்கு. ‘இந்தக் காலத்துல போய் பச்சையம்மாள்னு வைக்க முடியுமா?’ன்னு நீங்க கேக்கறது நியாயம்தான். அப்படியே வைக்க வேண்டாம். அந்தப் பேருக்கு இன்னொரு வடிவம் இருக்கான்னு பாருங்க. பெரும்பாலும் இருக்கும். அதுவும் உங்க ஊர்லயே இருக்கும்!

திண்டிவனத்துல ஒரு மரகதம்

முதல்ல பச்சையம்மாளையே எடுத்துக்குவோம். வட தமிழ்நாட்டுல பச்சையம்மன் கோயில்கள் நிறைய. அதனாலதான் பாட்டிகள்ல இத்தனை பச்சையம்மாள். இப்போ திண்டிவனத்துக்கு வாங்க. ‘திந்திரிணி’ன்னா புளியமரம். புளியங்காடு இருந்த ஊருங்கிறதாலதான் திந்திரிணிவனம், திண்டிவனம் ஆச்சுன்னு சொல்வாங்க. அங்க இருக்கிற திந்திரிணீஸ்வரர் கோயில்ல அம்பாள் பேர் மரகதாம்பிகை.

மரகதம்னா பச்சைக் கல். பச்சையம்மாளும் பச்சை நிறத்தாள், மரகதாம்பிகையும் பச்சை நிறத்தாள். ஆக, பாட்டி பச்சையம்மாள்னா பேத்தி மரகதவல்லி. இல்லைன்னா மரகதநாயகி. கூப்பிட மரகதா. பாட்டிகிட்ட ‘உங்க பேரைத்தான் வெச்சிருக்கோம்’னு சொன்னா அது பொய் இல்லை. ஸ்கூல்ல பக்கத்து பெஞ்சுல இன்னொரு மரகதவல்லி உட்கார்ந்திருக்கவும் வாய்ப்பு ரொம்பக் கம்மி.

விழுப்புரத்துக்குப் பக்கத்துல திருவாமாத்தூர் தெரியும்ல? தேவாரம் பாடப்பெற்ற ஊர். அங்க அபிராமேஸ்வரர் கோயில்ல அம்பாள் முத்தாம்பிகை. அழகியநாயகின்னும் சொல்வாங்க. பாட்டி முத்தம்மாள்னா, முத்தாம்பிகையும் முத்தரசியும் முத்தழகியும் வரிசையில நிக்குறாங்க.

சடையப்ப வள்ளல் கம்பரை ஆதரிச்ச ஊர்னு பாடத்துல படிச்ச திருவெண்ணெய்நல்லூரும் இதே மாவட்டம்தான். அந்தக் கோயில் அம்பாளை மங்களாம்பிகைன்னு சொல்வாங்க. பழைய தமிழ்ப் பேர் வேற்கண்ணி. வேல் மாதிரி கூர்மையான கண்ணை உடையவள்னு அர்த்தம். மங்களம், மங்கம்மாள்னு பாட்டி பேர் இருந்தா மங்களாம்பிகை பக்கம் போகலாம். கண்ணம்மாள்னா வேற்கண்ணி.

கோயில் எதுவா இருந்தாலும் அடிப்படையில அம்பாள் ஒருத்திதான். பார்வதின்னு ஒரே வார்த்தையில முடிஞ்சிருக்க வேண்டியது, ஊருக்கு ஒரு பேரா விரிஞ்சிருக்கு. எல்லாருக்கும் தெரிஞ்ச ஒரு கிளாசிக் பேருக்கு யாரும் அதிகம் வைக்காத ஒரு வடிவம் வேணும்னா, கோயில் வாசல்ல இருக்கிற போர்டைப் படிச்சாலே போதும்.

பேரைப் பிரிச்சுப் பாருங்க

இதுல ஒரு சின்ன டெக்னிக் இருக்கு. நம்ம பழைய பெண் பெயர்கள்ல பெரும்பாலும் ரெண்டு பாகம் இருக்கும். முதல் பாகம்தான் அடையாளம்: மரகதம், முத்து, பெரிய, பொன், கயல். ரெண்டாவது பாகம் வால் மாதிரி: அம்மாள், அம்பிகை, நாயகி, வல்லி, கண்ணி, மங்கை. பேர் பழசா தெரியறதுக்குக் காரணம் பல நேரங்கள்ல இந்த வால்தான். தலையை வெச்சுக்கிட்டு வாலை மாத்துங்க. பொன்னம்மாள் பொன்மங்கை ஆயிடுவா. பெரியம்மாள் பெரியநாயகி ஆயிடுவா.

இன்னொரு வழி, வடமொழிப் பேருக்கும் தமிழ்ப் பேருக்கும் நடுவுல மாறிக்கிறது. மீனாட்சின்னு நிறைய பேர் இருக்காங்க. அதே மீனாட்சிக்குத் தமிழ்ல அங்கயற்கண்ணின்னு பேர். அழகிய கயல்மீன் போன்ற கண்ணுடையவள். லட்சுமிக்குத் திருமகள், சரஸ்வதிக்குக் கலைமகள், நாமகள், பிருகந்நாயகிக்குப் பெரியநாயகி. சூரியநாராயண சாஸ்திரி தன் பேரைப் பரிதிமாற் கலைஞர்னு மாத்திக்கிட்டதும் இந்த வழியிலதான்.

மூணாவது வழி, தேய்ஞ்சுபோன பேரை முழுசாக்குறது. அலமேலுங்கிறது ‘பழைய’ பேர்னு நினைக்கிறோம். அதோட முழு வடிவம் அலர்மேல்மங்கை. அலர்னா பூ. பூவின் மேல் வீற்றிருக்கும் மங்கை, அதாவது திருமகள். வாய்ல உருண்டு உருண்டு அலமேலு ஆயிடுச்சு. பாட்டி அலமேலுன்னா பேத்திக்கு அலர்மேல்மங்கை. வீட்ல கூப்பிட மங்கை. கேட்டதும் யாரும் ‘பழசு’ன்னு சொல்ல மாட்டாங்க.

பேர் காலத்துக்கு ஏத்த மாதிரி மாறறது ஒண்ணும் புதுசு இல்லை. பக்கத்துத் திருவண்ணாமலையில அம்மன் பேர் உண்ணாமுலை. அதை மகளுக்கு வைக்கக் கூச்சப்பட்டவங்க ‘உண்ணாமலை’ன்னு ஒரு எழுத்தை மாத்திக்கிட்டாங்க. இன்னைக்கு உண்ணாமலைங்கிற பேர்ல எத்தனையோ பாட்டிகள் இருக்காங்க.

செஞ்சி கொடுத்த பேர்

அம்பாளை விட்டுட்டு வேற பேர் வேணுமா? விழுப்புரம் மாவட்டத்தோட அழுத்தமான பேர் ஒண்ணு இருக்கு. திரௌபதி.

செஞ்சி வட்டாரம் முழுக்கத் திரௌபதி அம்மன் கோயில்கள், தீமிதி, பாரதக் கூத்து. அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டேபைட்டல் திரௌபதி வழிபாடு பத்தி எழுதிய பெரிய புத்தகத்தோட முதல் தொகுதி 1988-ல வந்தது. அதோட துணைத் தலைப்புலேயே செஞ்சியும் குருட்சேத்திரமும் பக்கத்துல பக்கத்துல இருக்கும். அந்த அளவுக்கு இந்த மண்ணோட பேர் இது. நம்ம பாட்டிங்க வாயில இது துரோபதை. பாரதியாருக்குப் பாஞ்சாலி. 1912-ல முதல் பாகம் வெளியான ‘பாஞ்சாலி சபதம்’ ஞாபகம் இருக்கும். கிருஷ்ணைங்கிறதும் அவளுக்கு உள்ள பேர்தான். கருநிறத்தாள்னு பொருள். துரோபதைப் பாட்டியோட பேத்திக்குப் பாஞ்சாலி, கிருஷ்ணை ரெண்டுமே பொருந்தும்.

இங்க நம்ம குடியரசுத் தலைவர் கதையையும் சொல்லணும். திரௌபதி முர்மு, ஒடிசாவின் மயூர்பஞ்ச் மாவட்டத்துல சந்தால் குடும்பத்துல பிறந்தவர். வீட்ல வெச்ச பேர் ‘புட்டி’. ‘திரௌபதி’ன்னு மாத்தினது பள்ளி ஆசிரியர் ஒருத்தர். அதுக்கப்புறமும் அந்தப் பேர் துர்பதி, தோர்ப்தின்னு பல தடவை மாறுச்சுன்னு அவரே ஒரு பேட்டியில சொல்லியிருக்கார். அதே பேட்டியில இன்னொண்ணும் சொன்னார். சந்தால் வழக்கத்துல பேர்கள் சாகறதில்லையாம். பெண் பிறந்தா பாட்டி பேர், ஆண் பிறந்தா தாத்தா பேர். நம்ம ‘பெயர்த்தி’ மாதிரியேதான், பாருங்க!

எல்லா வீட்டுக்கும் இது பொருந்தும்

கோயில் பேர் மட்டும்தானான்னு கேக்காதீங்க. பாட்டி பேர் மேரியா? மரியாள், மரியா, மிரியம் எல்லாம் அதே வேர்ல வந்த பேர்கள். முஸ்லிம் வீடுகள்ல அதே பேர் மர்யம். குர்ஆனின் 19-வது அத்தியாயத்தோட பேரே அதுதான்.

மதம் தாண்டின பேரும் நம்ம பக்கத்துலயே இருக்கு. விருத்தாசலம் கோயில்ல அம்பாள் பெரியநாயகி. அந்தப் பக்கத்துலயே இருக்கிற கோணான்குப்பத்துல வீரமாமுனிவர் எழுப்பின மாதா கோயிலுக்கும் பேர் பெரியநாயகி அன்னை. இத்தாலியில இருந்து வந்தவர், மாதாவுக்கு இந்த மண்ணுல புழங்கின பேரையே வெச்சுக்கிட்டார். கலப்புத் திருமணம் செஞ்சு ரெண்டு பக்கத்துப் பாட்டிகளையும் சமாளிக்கிற ஜோடிகள் இந்தப் பேரைக் கொஞ்சம் யோசிக்கலாம்!

அர்த்தம் பார்க்காம வைக்காதீங்க

பாட்டி பேர்னு எல்லாத்தையும் அப்படியே தூக்கிட்டு வரவும் கூடாது. சில பேருக்குப் பின்னாடி வலி இருக்கு. குழந்தைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீடுகள்ல, அடுத்துப் பிறந்த குழந்தையைக் குப்பையில போட்டு எடுத்து, குப்பம்மாள்னு வெச்சாங்க. எமன் ‘இது வேண்டாத குழந்தை’ன்னு விட்டுட்டுப் போகட்டுங்கிற நம்பிக்கை. அது பயத்துல பிறந்த பேர், அதுக்குள்ள பாசமும் இருக்கு.

ஆனா ‘போதும்பொண்ணு’, ‘வேண்டாம்’ எல்லாம் அந்த வகை கிடையாது. அடுத்தது பையனா பிறக்கணும்னு, பிறந்த பொண்ணு தலையில கட்டின பேர்கள். அந்தப் பேரோட ஸ்கூலுக்குப் போய், அட்டெண்டன்ஸ்ல ‘வேண்டாம்’னு கூப்பிடும்போது எழுந்து நின்ன பெண்கள் தமிழ்நாட்டுல இருக்காங்க. உங்க குடும்பத்துல அப்படி ஒரு பாட்டி இருந்தா, அவங்க பேரை நீட்டிக்க வேண்டாம். பேத்திக்கு என்ன பேர் வைக்கலாம்னு முதல்ல அவங்ககிட்டயே கேளுங்க. அவங்களுக்கு யாரும் கொடுக்காத உரிமை அது.

கேலி விஷயத்தையும் யோசிக்கணும். திருக்கோவிலூர் 2019 வரைக்கும் விழுப்புரம் மாவட்டத்துலதான் இருந்தது, இப்போ கள்ளக்குறிச்சி. அங்க தென்பெண்ணை ஆத்துக்குள்ள கபிலர் குன்று இருக்கு. பாரி இறந்த பிறகு, அவர் மகள்களுக்கு வாழ்க்கை அமைச்சுக் கொடுத்துட்டு கபிலர் உயிர்விட்ட இடம்னு சொல்வாங்க. அந்த மகள்கள்தான் அங்கவை, சங்கவை. புறநானூற்றோட 112-வது பாட்டு பாரி மகளிர் பாடினது. அதுல இந்தப் பேர்கள் கிடையாது, பிற்கால மரபுல வந்தவை. 2007-ல வந்த ‘சிவாஜி’ படத்துல இதே ரெண்டு பேரையும் கறுப்பு நிறப் பெண்களைக் கேலி பண்ற காமெடிக்குப் பயன்படுத்தினாங்க. அதுக்கப்புறம் அந்தப் பேரைக் கேட்டாலே பலருக்கும் அந்த சீன்தான் ஞாபகம் வருது.

அதுக்காக அந்தப் பேரை வைக்கவே கூடாதா? தாராளமா வைக்கலாம். ஆனா, ‘உன் பேர் சங்க காலக் கவிஞரோட பேர்’னு பொண்ணுக்குச் சின்ன வயசுலேயே கதையைச் சொல்லிக் கொடுத்துடுங்க. காரணம் தெரிஞ்ச குழந்தை, கிண்டல் பண்றவங்களுக்குப் பதில் சொல்லிடும். யாரும் வைக்காத பேரை வைக்கிறீங்கன்னா, கதை சொல்ற வேலையும் உங்களோடதுதான்.

ஃபைனல் பண்றதுக்கு முன்னாடி 4 டெஸ்ட்

1. கூப்பிடுற டெஸ்ட்: கொல்லைப்புறத்துல இருந்து வாசல் வரைக்கும் கேக்கற மாதிரி பேரைச் சத்தமா கூப்பிட்டுப் பாருங்க. பாட்டி வாயில நுழையுதா? நுழையலைன்னா அவங்க வேற பேர் வெச்சுக் கூப்பிடுவாங்க. கடைசியில அதுதான் நிக்கும்.

2. போன் டெஸ்ட்: கஸ்டமர் கேருக்கு போன் பண்ணி பேர் சொல்றதா நினைச்சுக்கங்க. எத்தனை தடவை திருப்பிச் சொல்லணும்? ரெண்டு தடவைன்னா ஓகே. ஒவ்வொரு எழுத்தா சொல்லணும்னா, உங்க பொண்ணு ஆயுசுக்கும் அதைச் செய்யணும்.

3. ஸ்பெல்லிங் டெஸ்ட்: மரகதவல்லியை ஆங்கிலத்துல எழுதுங்க. ‘க’வுக்கு ‘ஜி’யா, ‘கே’யா? ‘த’வுக்கு வெறும் ‘டி’யா, ‘டி ஹெச்’சா? இதுலயே நாலு விதம் வந்துடுச்சு. கயல்விழி மாதிரி ‘ழ’ இருந்தா ‘இசட் ஹெச்’சா, ‘எல்’லாங்கிற கேள்வியும் சேரும். இந்த லட்சணத்துல நியூமராலஜிக்காக நடுவுல ரெண்டு ‘ஏ’ சேர்த்தா, எதிர்காலத்துல ஆதார்ல ஒண்ணு, மார்க் ஷீட்ல ஒண்ணுன்னு அலையப்போறது பொண்ணுதான். பேர் தனியா தெரியணும்னா நல்ல வடிவமா தேர்ந்தெடுங்க. ஸ்பெல்லிங்கைச் சிம்பிளா விட்டுடுங்க.

4. இனிஷியல் டெஸ்ட்: தமிழ்ல கையெழுத்துப் போடும்போது முன்னெழுத்தும் தமிழ்லயே இருக்கணும்னு 2021 டிசம்பர்ல தமிழக அரசு அரசாணை போட்டிருக்கு. அதனால முன்னெழுத்தைத் தமிழ்ல சேர்த்து வாசிச்சுப் பாருங்க. அம்மா, அப்பா ரெண்டு பேரோட முன்னெழுத்தையும் போடப் போறீங்கன்னா கட்டாயம் வாசிச்சுப் பாருங்க. சில நேரம் முன்னெழுத்தும் பேரும் சேர்ந்து வேற ஒரு வார்த்தையாயிடும்!

சர்ட்டிஃபிகேட்ல அவசரப்படாதீங்க, ஆனா தள்ளியும் போடாதீங்க

முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையோ, திண்டிவனத்துல ஒரு தனியார் மருத்துவமனையோ, குழந்தை எங்க பிறந்தாலும் 21 நாளுக்குள்ள பிறப்பைப் பதிவு பண்ணணும். அந்த நேரத்துல பேர் முடிவாகலைன்னா பதற வேண்டாம். பேர் இல்லாமலேயே பிறப்பைப் பதிவு பண்ணலாம். அதுக்கப்புறம் 12 மாசத்துக்குள்ள பேரைக் கட்டணம் இல்லாம சேர்த்துக்கலாம். ஒரு வருஷம் தாண்டிட்டா, 15 வருஷம் வரைக்கும் தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம்.

அதுக்காகத் தள்ளிப்போட்டுட்டே போகாதீங்க. 2023 அக்டோபர் 1-ல இருந்து புது விதி நடைமுறையில இருக்கு. அந்தத் தேதிக்கு அப்புறம் பிறந்தவங்களுக்கு ஸ்கூல் அட்மிஷன், ஆதார், டிரைவிங் லைசென்ஸ், வாக்காளர் பட்டியல், பாஸ்போர்ட், திருமணப் பதிவு, அரசு வேலைன்னு எல்லாத்துக்கும் பிறந்த தேதி, இடத்துக்கான ஆதாரம் பிறப்புச் சான்றிதழ்தான். அதுல என்ன பேர் இருக்கோ, அதுதான் உங்க பொண்ணு கூடவே வரும்.

ஒரு தடவை பதிஞ்ச பேரையே மாத்தணும்னா, எழுத்துப்பிழை திருத்துற மாதிரி சுலபமா முடியாது. பெரியவங்க பேர் மாத்திக்கிறதுக்கு அரசிதழ்ல வெளியிடணும். அதுக்கப்புறம் ஒவ்வொரு ஆவணமா மாத்திட்டு வரணும். அதனால நகராட்சி ஆபீஸுக்குப் போகும்போது பேரை வாயால சொல்லாதீங்க. தமிழ்லயும் ஆங்கிலத்துலயும் கொட்டை எழுத்துல ஒரு பேப்பர்ல எழுதிக் கொடுங்க. கம்ப்யூட்டர்ல ஏத்தினதும், பிரின்ட் எடுக்கிறதுக்கு முன்னாடி ஸ்கிரீன்ல ஒரு தடவை படிச்சுப் பாருங்க. அபூர்வமான பேர்னா டைப் பண்றவங்க தனக்குத் தெரிஞ்ச பேரா மாத்திட வாய்ப்பு அதிகம். வேற்கண்ணி ‘வேல்கன்னி’ ஆகறதுக்கு ஒரு செகண்ட் போதும்.

யார் பாட்டி பேர்?

கடைசியா, யாரும் வெளியில பேசாத ஒரு விஷயம். ‘பாட்டி பேர்’னா பல வீடுகள்ல அது அப்பா வழிப் பாட்டிதான். அம்மா வழிப் பாட்டி பேர் பேச்சுக்கே வர்றதில்லை. வடிவத்தை மாத்தி வைக்கிற இந்த முறையில அதுக்கும் ஒரு வழி இருக்கு. ஒரு பாட்டி முத்தம்மாள், இன்னொரு பாட்டி மங்கம்மாளா? முத்துமங்கை. பச்சையம்மாளும் வள்ளியம்மாளுமா? மரகதவல்லி. முருகனோட வள்ளியும் கொடியைக் குறிக்கிற வல்லியும் வேற வேற எழுத்துதான். ஆனா பாட்டி காதுல அவங்க பேர் விழும்ல!

முதல் வேலையா இன்னைக்கே ரெண்டு பாட்டிகளுக்கும் போன் போடுங்க. அவங்க முழுப்பேர் என்ன, யார் வெச்சாங்க, எந்தக் கோயில்ல வெச்சாங்கன்னு கேளுங்க. வீட்ல பச்சைன்னு கூப்பிட்டவங்க ஆதார்ல என்னவா இருக்காங்கன்னு உங்களுக்கே தெரியாம இருக்கலாம். கேட்டதை எழுதி வெச்சுக்கிட்டு, அப்புறமா பேர் லிஸ்ட்டைத் தேடுங்க. பாதி லிஸ்ட் உங்க வீட்லயே கிடைச்சிருக்கும்.